பழையபடி என்னும் சொல்

மருத்துவமனையில் ஒரு நாளில் மிகுதியாக ஒலிக்கும் கேள்வி எதுவென்று கணக்கெடுத்தால், அது மருந்தைப் பற்றியதாகவோ செலவைப் பற்றியதாகவோ இராது. "பழையபடி எப்போது ஆவார்?" என்பதே அந்தக் கேள்வி. பக்கவாதத்தால் ஒரு பக்கம் செயலிழந்து கிடக்கும் தந்தைக்காக மகன் கேட்கிறார். முதன்முறையாக டயாலிசிஸ் பிரிவுக்கு அழைத்துவரப்பட்ட பெண்ணுக்காக அவருடைய தாயார் கேட்கிறார். சர்க்கரை நோயால் பாதத்தை இழந்தவருக்காக மனைவி கேட்கிறார். நோயாளர் பெரும்பாலும் கேட்பதில்லை. பிறர் கேட்கும்போது மருத்துவரின் முகத்தையே பார்த்துக்கொண்டிருக்கிறார்.

இயன்முறை சிகிச்சைப் பிரிவில் பணிபுரிபவன் என்ற முறையில் இக்கேள்வியை நாள்தோறும் கேட்டு வருகிறேன். நெடுநாள் நோயில் உடல் தரும் துன்பம் ஒரு பங்கென்றால், 'பழையபடி' என்னும் சொல் தரும் துன்பம் இன்னொரு பங்கு என்பது என் கருத்து. முதற்பங்கைக் குறைக்க மருந்தும் பயிற்சியும் வேண்டும். இரண்டாம் பங்கை நோயாளரும் குடும்பத்தாரும் முயன்றால் தாமே பெருமளவு இறக்கிவைக்க முடியும். அவ்வாறு இறக்கிவைப்பது சிகிச்சையைக் கைவிடுவதாகாது. இவ்விரண்டையும் ஒன்றென எண்ணிக் குழப்பிக்கொள்வதால் நேரும் கேடு பெரிது. அதனாலேயே இதைச் சற்று விரிவாக எழுத நேர்ந்தது.

முதலில் ஓர் ஆய்வு. டைலன் ஸ்மித், ஜார்ஜ் லோவன்ஸ்டீன், பீட்டர் ஊபெல் முதலிய அமெரிக்க ஆய்வாளர்கள் 2009-ஆம் ஆண்டில் வெளியிட்டது. குடலில் நோய் கண்டவர்கள் சிலருக்கு, பெருங்குடலின் முனையை வயிற்றின் மேற்புறத்தில் திறந்துவைத்து, அவ்வழியாக மலம் வெளியேறுமாறு ஒரு பையைப் பொருத்துவார்கள். கொலாஸ்டமி என்பது அதன் பெயர். சிலருக்கு அந்தப் பை வாழ்நாள் முழுமைக்குமானது. வேறு சிலருக்குத் தற்காலிகமானது. குடல் ஆறியபின் மீண்டும் இணைத்துவிடலாம் என்று மருத்துவர்கள் சொல்லியிருப்பார்கள். இவ்விரு சாராரையும் ஆய்வாளர்கள் அறுவைக்குப் பின் ஆறு மாத காலம் தொடர்ந்து கவனித்தனர். இருவரில் எவர் மனநிறைவோடு இருப்பார் என்று உங்களைக் கேட்டால், பை எடுக்கப்பட இருப்பவரே என்று தயங்காமல் சொல்வீர்கள். நானும் அவ்வாறே சொல்லியிருப்பேன். கண்டறிந்ததோ வேறு. இனி மாறாது என்று தெரிந்தவர்களின் மனநிறைவு மாதந்தோறும் உயர்ந்தது. மாறும் என்று காத்திருந்தவர்களின் மனநிறைவு உயரவில்லை.

காரணத்தை ஊகிப்பது கடினமன்று. இனி இப்படித்தான் என்று அறிந்தவர், பையை எப்போது மாற்றுவது, எந்த உடை வசதியானது, பேருந்தில் எவ்வாறு செல்வது, எந்த உணவு ஒத்துக்கொள்ளும் என்றெல்லாம் கற்றுக்கொள்ளத் தொடங்குகிறார். கற்றது பழக்கமாகிறது; பழக்கமானது வாழ்க்கையாகிறது. காத்திருப்பவருக்கோ இன்றைய நாள் ஒரு நாளாகவே படுவதில்லை. அது அவர் கடந்துபோக வேண்டிய இடைவெளி. கற்றுக்கொள்ள அவருக்கு மனம் வருவதில்லை. இன்னும் சில மாதங்கள்தானே என்று தள்ளிப்போடுகிறார்.

இதைக்கொண்டு நம்பிக்கையே தீது என்று முடிவு கட்டிவிடக் கூடாது. தற்காலிகப் பை வைத்திருப்பவரிடம் சென்று, நிரந்தரப் பையாக மாற்றிக்கொள்கிறீர்களா என்று கேட்டால் ஒருவரும் சம்மதியார், சம்மதிக்கவும் கூடாது. இவ்வாய்விலிருந்து நான் பெற்ற பாடம் சிறியது. இருப்பதோ இல்லாததோ தெரிந்துவிட்டால் மனிதன் அதனோடு வாழக் கற்றுக்கொள்கிறான். வரலாம், வராமலும் போகலாம் என்று தொங்கிக்கொண்டிருக்கும் நிலைதான் அவனை வாழவிடுவதில்லை. ஆகவே உடனிருப்போர் நோயாளரைக் காப்பதாக எண்ணி உண்மையை மறைக்கும்போது, அவரை இந்தத் தொங்கலிலேயே நிறுத்திவைக்கிறார்கள். "அப்பாவிடம் மட்டும் சொல்லிவிடாதீர்கள், சார்" என்று வராந்தாவில் தனியே அழைத்துச் சொல்லாத குடும்பம் குறைவு. அன்பினால்தான் சொல்கிறார்கள். ஆனால் அப்பாவுக்குப் பெரும்பாலும் தெரிந்தே இருக்கிறது. தெரியாததுபோல நடிக்கும் வேலையும் இப்போது அவருடையதாகிவிடுகிறது.

இடையில் ஒரு வேடிக்கையான செய்தி. உலக நாடுகளுள் மனநிறைவில் டென்மார்க் மக்கள் பல்லாண்டுகளாக முன்னிலையில் இருப்பது ஏன் என்று 2006-ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலின் கிறிஸ்துமஸ் இதழில் ஒரு கட்டுரை வந்தது. உணவு, தட்பவெப்பம் என்று ஒவ்வொன்றாக ஆராய்ந்த ஆசிரியர்கள் கடைசியில், அம்மக்கள் வரும் ஆண்டைப் பற்றி அதிகம் எதிர்பார்ப்பதில்லை, அதுவே காரணமாகலாம் என்று எழுதினார்கள். பாதி நகைச்சுவையாக எழுதப்பட்ட கட்டுரைதான் அது. எனினும் வயதான டயாலிசிஸ் நோயாளர் சிலரிடம் பேசும்போது எனக்கு அது நினைவுக்கு வருவதுண்டு.

நம் மாவட்டத்திலிருந்தே ஓர் எடுத்துக்காட்டு சொல்கிறேன். கள்ளக்குறிச்சி மரச்சிற்பங்கள் புவிசார் குறியீடு பெற்றவை. அத்தொழிலில் இருக்கும் ஒருவருக்குப் பக்கவாதம் வந்து வலக்கை விழுந்துவிட்டதாகக் கொள்வோம். பக்கவாதத்திற்குப் பின் முதல் மூன்று மாதங்களில் மீட்சி விரைவாக இருக்கும்; பிறகு வேகம் குறையும்; ஆறு மாதங்களுக்கு அப்பாலும் பயிற்சியால் சிறுசிறு முன்னேற்றங்கள் வரலாம். பெரும்பாலும் கால் முன்னே தேறும், கை பின்தங்கும். அதிலும் விரல்களின் நுண்ணிய அசைவு கடைசியில்தான் திரும்பும். பலருக்கு முழுமையாகத் திரும்புவதே இல்லை. சிற்பிக்கு வேண்டியதோ அந்த நுண்ணிய அசைவுதான்.

இப்போது வீட்டில் நடப்பதைப் பாருங்கள். தைப்பொங்கலுக்குள் உளி பிடித்துவிடுவார் என்று ஒருவர் சொல்கிறார். பக்கத்து ஊரில் இன்னாருக்கு இரண்டே மாதத்தில் சரியாகிவிட்டதே என்று இன்னொருவர் சொல்கிறார். அந்த இன்னாருக்கு மூளையில் எந்த இடத்தில் எவ்வளவு பாதிப்பு என்பது யாருக்கும் தெரியாது. பார்க்க வரும் உறவினர் ஒவ்வொருவரும் "கையைத் தூக்குங்கள், பார்ப்போம்" என்கிறார்கள். அவர் தூக்க முயல்கிறார். தோள் மட்டும் அசைகிறது. வந்தவர் முகம் வாடுகிறது. ஒரு நாளைக்கு ஐந்து பேர் வந்தால் ஐந்து முறை அவர் தேர்வில் தோற்கிறார். இதற்கிடையில், நேற்று வரை பிறர் பிடித்து உட்காரவைத்த அவர் இன்று தாமாகவே எழுந்து உட்கார்ந்ததை எவரும் கவனிக்கவில்லை. அவர்கள் உளியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அந்தக் குடும்பத்திடம் நான் கேட்டுக்கொள்வது ஒன்றுதான். தேதியை எடுத்துவிடுங்கள். பயிற்சி இருக்கட்டும், நாள்தோறும் இருக்கட்டும், பொங்கல் மட்டும் வேண்டாம். இந்த வாரம் சட்டைப் பொத்தானைத் தாமே போட முடிகிறதா, இடக்கையால் தட்டிலிருந்து சோற்றை எடுத்து உண்ண முடிகிறதா, கழிப்பறைக்குச் சுவரைப் பிடித்து நடக்க முடிகிறதா என்று பாருங்கள். உளியைப் பற்றிய பேச்சை அவரே எடுக்கட்டும். ஒருவேளை இடக்கையால் தேய்ப்பு வேலை செய்யலாம். இளையவர்களுக்கு அளவு சொல்லித்தரலாம். எதுவும் செய்யாமல் பட்டறையில் உட்கார்ந்து மரத்தின் மணத்தை நுகர்ந்துகொண்டும் இருக்கலாம். அதுவும் அவருடைய பட்டறைதான்.

மானாவாரி நிலம் வைத்திருப்போருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பருவமழை பிந்திவிட்டால் முதலில் நினைத்த பயிரை விட்டுவிட்டுக் குறுகிய காலத்தில் விளையும் ஒன்றை விதைக்கிறார்கள். நிலத்தைத் தரிசாகப் போடுவதில்லை. மழை வந்த பின்னும் பழைய கணக்கைப் பிடித்துக்கொண்டு நிற்பதுமில்லை.

பெரிய எதிர்பார்ப்பை வைத்துப் பிழைப்பு நடத்துவோரும் உண்டு என்பதை இங்கே சொல்லியாக வேண்டும். சர்க்கரை நோயை ஒரே மண்டலத்தில் வேரோடு அறுப்போம், செயலிழந்த சிறுநீரகத்தைப் புதுப்பிப்போம், விழுந்த கையை ஏழு எண்ணெய்க் காப்பில் எழுப்புவோம் என்ற விளம்பரங்களைச் சுவரிலும் கைப்பேசியிலும் காண்கிறோம். அவர்கள் விற்பது மருந்தை அன்று. 'பழையபடி' என்னும் சொல்லைத்தான் விற்கிறார்கள். அச்சொல்லுக்காக இன்சுலினை நிறுத்தியவர்கள் மயக்க நிலையில் அவசரப் பிரிவுக்கு வருகிறார்கள். அச்சொல்லுக்காகக் கறவை மாடு போகிறது, நகை அடகுக்குப் போகிறது, கடைசியில் காணி நிலமும் போகிறது. எல்லாம் போன பின் நோயாளர் தம்மையே குற்றவாளியாக எண்ணிக்கொள்கிறார். நோயைவிட இந்தக் குற்றவுணர்வு அவரை விரைவாகச் சாய்த்துவிடுவதைக் காண்கிறோம். உங்கள் எதிர்பார்ப்பின் அளவை நீங்களே அறிந்திருந்தால், அதை உங்களிடமே விலைக்கு விற்க எவராலும் இயலாது.

2024-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தை நம் ஊரில் எவரும் மறந்திருக்க முடியாது. கருணாபுரத்திலும் சுற்றுப்புறங்களிலும் மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து 200-க்கும் மேற்பட்டோர் பாதிக்கப்பட்டனர். 60-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். கள்ளக்குறிச்சி, சேலம், விழுப்புரம், புதுச்சேரி ஜிப்மர் என்று மருத்துவமனைகள் நிறைந்தன. மெத்தனால் உடலுக்குள் சென்றபின் பார்மிக் அமிலமாக மாறுகிறது. அந்த அமிலம் கண்ணிலிருந்து மூளைக்குச் செல்லும் பார்வை நரம்பைத் தாக்குகிறது. பிழைத்தெழுந்தவர்களில் பார்வை குன்றியவர்கள் உண்டு.

இப்படிப் பார்வை இழந்தோரின் குடும்பங்கள் பெரும்பாலும் கேட்பது, கண் மாற்று அறுவை செய்தால் பார்வை திரும்புமா என்பதுதான். கண் தானத்தின் வழியாக மாற்றப்படுவது கருவிழி எனப்படும் முன்பக்கத் திரை மட்டுமே. நரம்பு அழிந்திருந்தால் கருவிழியை மாற்றியும் பயனில்லை. கண்ணாடி அணிந்தும் பயனில்லை. தொடக்க நாட்களில் ஓரளவு பார்வை மீள்வோர் உண்டு. மாதங்கள் கடந்தபின் எஞ்சுவதே எஞ்சியதாகும். இந்த உண்மை கசப்பானது. ஆனால் அதைச் சொல்லாமல் விடுவதால், ஒவ்வொரு கண் மருத்துவமனையாக ஏறி இறங்குவதிலேயே அவர்களின் ஆண்டுகள் கழிகின்றன. அதே காலத்தில் வெள்ளைக் கோலுடன் தெருவைக் கடக்கப் பழகியிருக்கலாம். மாற்றுத்திறனாளி அடையாள அட்டையும் உதவித்தொகையும் பெற்றிருக்கலாம். கைப்பேசியைக் குரல் வழியாக இயக்கக் கற்றிருக்கலாம். குடித்துக் கெட்டவர்தானே என்ற ஏளனம் ஊரில் இருக்கிறது. இருண்டுபோன கண்ணோடு வாழக் கற்றுக்கொள்ளும் ஒருவரிடம் அந்த ஏளனத்தைக் காட்டுவது மனிதத் தன்மையன்று.

இனி, எதை விடக் கூடாது என்பதைப் பற்றி. இதைச் சொல்லாவிட்டால் நான் மேலே எழுதியது முழுவதும் ஆபத்தாகிவிடும்.

கல்வராயன் மலையிலிருந்து வரும் நோயாளரிடம் நான் காணும் சிக்கல் நேர்மாறானது. அவர்கள் அதிகம் எதிர்பார்ப்பதில்லை; மிகக் குறைவாகவே எதிர்பார்க்கிறார்கள். நெடுங்காலம் ஜாகிர்தார்களின் ஆளுகையில் இருந்து, பின்னரும் சாலையும் பள்ளியும் பிந்தியே வந்தடைந்த மலைமக்கள் அவர்கள். கள்ளச்சாராயத் துயரத்திற்குப் பிறகு 2024-இல் சென்னை உயர் நீதிமன்றம் கல்வராயன் மலைமக்களின் வாழ்நிலையைக் குறித்துத் தானாகவே முன்வந்து வழக்கெடுக்க வேண்டியிருந்தது என்பதே நிலைமையைக் காட்டும். இருமல் மாதக்கணக்கில் இருந்தாலும் இருக்கட்டும் என்கிறார்கள். மார்பில் கட்டி தென்பட்டாலும் விதி என்கிறார்கள். "எங்களுக்கு இதுபோதும், ஐயா" என்று ஒரு பாட்டி சொல்லும்போது, அது மனஅமைதியா, ஏமாற்றத்தால் விளைந்த பழக்கமா என்று எனக்குத் தெளிவாவதில்லை. பெரும்பாலும் பின்னதுதான்.

அவர்களிடம் எதிர்பார்ப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள் என்று அறிவுரை சொல்ல எவருக்கும் தகுதியில்லை. மருந்தை எதிர்க்கும் வகையல்லாத காசநோய், மாத்திரையை இடைவிடாமல் ஆறு மாதம் உட்கொண்டால் குணமாகிவிடும். முழுக் குணத்தை எதிர்பாருங்கள். நஞ்சுள்ள பாம்பு கடித்தால் கயிற்றால் இறுகக் கட்டாமல், கீறாமல், மந்திரிக்கச் செல்லாமல் விரைந்து வந்தால் நஞ்சுமுறிவு மருந்து உயிரைக் காக்கும், உயிரை எதிர்பாருங்கள். மகப்பேற்றுக்கு மலையிலிருந்து இறங்கும் பெண், தாயும் சேயும் நலமாகத் திரும்புவதை எதிர்பார்க்கட்டும். ஆம்புலன்ஸ் வரும் என்பதையும், மருத்துவர் பணியில் இருப்பார் என்பதையும், மரியாதையாகப் பேசுவார்கள் என்பதையும் ஒவ்வொருவரும் எதிர்பார்க்க வேண்டும். கள்ளக்குறிச்சி தனி மாவட்டமாக 2019-இல் அமைந்ததும், 2022 ஜனவரியில் இங்கு அரசு மருத்துவக் கல்லூரி திறக்கப்பட்டதும், விழுப்புரத்திற்கும் சேலத்திற்கும் அலைந்து சலித்த மக்கள் விடாமல் கேட்டதற்கும் கிடைத்த விடைகள். அதையெல்லாம் விட்டுவிட்டு அமைதி காண்பது நமக்கு வேண்டாம்.

நான் விடச் சொல்வது உடலின்மேல் நாம் எழுதிவைத்திருக்கும் கடன்பத்திரத்தை மட்டுமே. இந்த உடல் எனக்கு இன்ன தேதிக்குள் இன்னதைத் திருப்பித் தர வேண்டும் என்று எழுதியிருக்கிறோமே, அதை.

உடனிருப்போருக்கும் ஒரு கடன்பத்திரம் உண்டு. நான் ஒருபோதும் சலித்துக்கொள்ளக் கூடாது, தூங்கக் கூடாது, கோபப்படக் கூடாது என்று தம்மீது தாமே எழுதிக்கொண்டது. வீட்டுப் பெண்கள் மீது பிறர் எழுதியதும் அதில் சேரும். மருமகளோ மகளோ இரவும் பகலும் தனியே பார்த்துக்கொள்வார். மற்றவர்கள் ஞாயிற்றுக்கிழமை பழத்துடன் வந்து, "அம்மா இளைத்துவிட்டாரே" என்று சொல்லிப் போவார்கள். பழம் வேண்டாம், வாரத்தில் ஓர் இரவு வந்து நோயாளரின் அருகில் படுத்துக்கொள்ளுங்கள், அண்ணியோ தங்கையோ வீட்டிற்குப் போய் உறங்கட்டும். நோயாளர் சில நேரம் எரிந்துவிழுவார். நன்றி சொல்லவும் மாட்டார். வலியிலிருப்பவரிடம் நன்றியை எதிர்பார்ப்பதும் வீணே. அதை விட்டவர்கள் நெடுநாள் தாக்குப்பிடிக்கிறார்கள் என்பதை நாங்கள் இங்கே பார்க்கிறோம்.

மருத்துவரிடம் எவ்வாறு கேட்பது என்று சிலர் தயங்குகிறார்கள். "சரியாகிவிடுமா?" என்று கேட்டால் அவரும் "பார்ப்போம்" என்றுதான் சொல்வார், அக்கேள்விக்கு வேறு விடை இல்லை. வேறு விதமாகக் கேளுங்கள். எது திரும்ப வரக்கூடும், எது வராது, அடுத்த மூன்று மாதத்தில் எதை நோக்கி உழைக்கலாம், வராததற்கு மாற்றாக என்ன கற்றுக்கொள்ளலாம் என்று கேளுங்கள். முடிந்தால் நோயாளரை அருகில் வைத்துக்கொண்டே கேளுங்கள். விடையைத் தாளில் எழுதித் தரச் சொல்லலாம். பார்க்க வரும் உறவினர் ஒவ்வொருவருக்கும் விளக்கிக்கொண்டிருக்கும் வேலை குறையும். மருத்துவர் அவசரத்தில் இருந்தால் செவிலியரிடம் சொல்லி வேறு நேரம் பெறுங்கள்.

நோயைக் குணப்படுத்த இயலாது என்ற நிலை வந்தபின்னும் செய்யத்தக்கவை பல உள்ளன: வலியைத் தணிப்பது, மூச்சுத்திணறலைக் குறைப்பது, படுக்கைப்புண் வராமல் காப்பது, மலச்சிக்கலைத் தீர்ப்பது, உறக்கம் வரச்செய்வது. இதற்கு வலி தணிப்பு ஆதரவு சிகிச்சை என்று பெயர். 'இனி ஒன்றும் செய்வதற்கில்லை' என்ற சொல்லுக்கு அங்கே இடமில்லை. 2021 ஆகஸ்ட் 5 அன்று கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கப்பட்ட 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் இச்சிகிச்சையும் இயன்முறைப் பயிற்சியும் வீட்டிற்கே வருகின்றன. இரத்த அழுத்தம், சர்க்கரை மாத்திரைகளும், வீட்டிலேயே வயிற்றின் வழியாக டயாலிசிஸ் செய்துகொள்வோருக்கான பைகளும் அதில் அடங்கும். உங்கள் பகுதி ஆரம்ப சுகாதார நிலையத்தில் நோயாளரின் பெயரைப் பதிந்துகொள்ள வேண்டும். மருத்துவமனையிலிருந்து வீடு திரும்பும் நாளில் மருந்துச் சீட்டுக்கும் வண்டிக்கும் அலைவதிலேயே பொழுது போய்விடும். ஆகவே முந்தைய நாளே பிரிவுச் செவிலியரிடம் இதைக் கேட்டு, தேவையான குறிப்புச் சீட்டை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.